கதவைத் திறக்கும் அப்பா

"இன்னிக்கு எனக்கு யாரும்மா செத்தது?"

ஒப்பனை நாற்காலியில் உட்காருவதற்கு முன்னால் நடிகர் கிஸ்லேன் ரஸ்கினே கேட்கும் கேள்வி இது. கேட்டுக்கொண்டே பூட்ஸைக் கழற்றி ஓரமாக வைப்பார். துணிப்பையிலிருந்து பழுப்பு நிறக் கம்பளிச் செருப்பை எடுத்துக் காலில் மாட்டிக்கொள்வார். நான் பவுடரைக் குழைத்துக்கொண்டே பதில் சொல்வேன்.

"மகள். காட்டுல கிடக்கா."

"போன மாசமும் மகள்தானே?"

"போன மாசம் மகன். ரயில் பாலத்துக்குக் கீழ."

"ஆமால்ல. பாவம், நல்ல பையன்." கண்ணை மூடிக்கொண்டு முகத்தை என் கையில் ஒப்படைத்துவிடுவார்.

பெரிய முகம். கன்னங்கள் சற்றுத் தொங்கும். புருவம் இரண்டும் நடுவில் உயர்ந்து, ஓரத்தில் சரிந்திருக்கும். அவர் சந்தோஷமாக வாஃபிள் தின்னும்போதுகூட, யாரோ அவரிடம் மன்னிப்புக் கேட்க வேண்டும்போல இருக்கும். அந்த முகத்துக்கு நான் செய்ய வேண்டியது அதிகமில்லை. வழுக்கையின் பளபளப்பை அடக்க வேண்டும், அவ்வளவுதான். பிரஸல்ஸில் படப்பிடிப்பு நடக்கிற இடங்களில் ஒப்பனைக்காரியாகவே என் ஆயுள் பாதி கழிந்துவிட்டது. எத்தனையோ முகங்களை அழ வைத்திருக்கிறேன். இவர் முகத்துக்கு மட்டும் கிளிசரின் தேவைப்பட்டதே இல்லை.

ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் எங்கள் ஊர்களில் முக்கால்வாசி வீடுகளில் தொலைக்காட்சியில் துப்பறியும் கதை ஓடும். தொடங்கிய கொஞ்ச நேரத்தில் ஒரு பிணம் கிடைக்கும். பிறகு இரண்டு போலீஸ்காரர்கள் ஏதோ ஒரு வீட்டின் அழைப்பு மணியை அடிப்பார்கள். கதவைத் திறப்பவர் கிஸ்லேன். அவர்கள் சொல்வார்கள், அவர் கேட்பார். வலது கை பின்னால் போய், கண் பார்க்காமலே, நாற்காலியைத் தேடும். அகப்பட்டதும் மெல்ல உட்காருவார். "வலியில்லாம போனாளா?" என்று கேட்பார். போலீஸ்காரர்கள் பதில் சொல்ல மாட்டார்கள். அதோடு அவர் வேலை முடிந்தது. மீதிக் கதையில் கொலைகாரனைப் பிடிப்பது மற்றவர்கள் பாடு.

"செருப்பு எதுக்கு? கேமரா காலைக் காட்டறதே இல்லையே" என்று ஒரு தடவை கேட்டேன்.

"வெளியே கிளம்பத் தயாரா இருக்கறவனுக்கு அந்தச் செய்தி வராதும்மா. வீட்டுல சும்மா இருக்கறவனுக்குத்தான் வரும். கால் அதை நம்பணும்" என்றார்.

லியேஜ் நகரத்துக்காரர். அப்பா இரும்பு ஆலையில் வேலை பார்த்தவர். இளவயதில் ஒரு பெட்டியோடு பாரிஸுக்குப் போனார் கிஸ்லேன். போனவர்கள் எல்லோரையும்போல இவரும் தன் முகம் சுவரொட்டியில் ஒட்டப்படும் என்றுதான் போனார். அங்கே முதலில் அவருடைய லியேஜ் பேச்சைக் கழுவித் துடைத்தார்கள். பிறகு ஹோட்டல் சிப்பந்தி, டாக்ஸிக்காரர், உயில் வாசிக்கிற நோட்டரி என்று கொடுத்தார்கள். ஒரு பெரிய படத்தில் ஒரே ஒரு வசனம் கிடைத்தது. ஊரிலிருந்து அப்பாவும் சித்தப்பாமார்களும் ரயிலேறி வந்து அரங்கில் உட்கார்ந்து பார்த்தபோது, வசனம் வெட்டுப்பட்டு, கதவுக்குப் பின்னால் நகர்கிற அவர் முழங்கை மட்டும் வந்துபோனது. "எங்கப்பா வெளியே வந்து என்ன சொன்னார் தெரியுமா? 'முழங்கை உன்னோடதுதான்டா, சந்தேகமே இல்ல'ன்னார்." இதைச் சொல்லும்போது மட்டும் கழுவிப்போன லியேஜ் பேச்சு அவர் வாய்க்குத் திரும்பிவரும்.

பாரிஸ் போதும் என்று பிரஸல்ஸுக்கு வந்து, சேன் ஜில் பகுதியில் ஒரு மூன்றாவது மாடி வீட்டில் குடியேறினார். மருந்துக்கடையில் வேலை பார்த்த ஜோஸியானைக் கட்டிக்கொண்டார். ஒரு நாள் யாரோ ஓர் இயக்குநர் மகளைப் பறிகொடுத்த தகப்பனாக இவரைப் போட்டார். அன்றிலிருந்து இந்த நாட்டில் எவன் மகள் செத்தாலும் தொலைபேசி இவருக்குத்தான் வந்தது.

எல்லோருக்கும் அவர் முகம் தெரியும், ஒருவருக்கும் பேர் தெரியாது. ரொட்டிக் கடையில் ஒரு அம்மாள் அவரை உற்றுப் பார்த்து, "டாக்டர்தானே நீங்க? என் காதைப் பாத்தீங்களே?" என்று கேட்டதை நான் நேரில் பார்த்திருக்கிறேன். கிஸ்லேன் தொப்பியைத் தூக்கி, "ஆமாம்மா, இப்ப காது எப்படி இருக்கு?" என்று விசாரித்தார். அந்த அம்மாள் இடது காதைப் பற்றி நெடுநேரம் சொன்னார். இவர் பொறுமையாகக் கேட்டு, குளிரில் தொப்பி போடாமல் போகக் கூடாது என்று சொல்லி அனுப்பினார். இன்னொரு முறை டிராமில் ஒரு கிழவி அவர் கையைப் பிடித்துக்கொண்டு, "உங்க பொண்ணு விஷயம் கேட்டதுலேர்ந்து எனக்கு மனசே சரியில்ல" என்று கண்ணீர் விட்டாள். அவர் விளக்கப் போகவில்லை. "ரொம்ப நன்றிம்மா" என்று சொல்லி, தன் நிறுத்தம் தாண்டியும் அவளோடு உட்கார்ந்திருந்தார்.

அவருக்கு நிஜத்தில் ஒரே மகள், ஆலீன். நகராட்சி நீச்சல் குளத்தில் குழந்தைகளுக்கு நீச்சல் சொல்லிக்கொடுத்தாள். எப்போது பார்த்தாலும் தலை ஈரமாக இருக்கும். கட்டிக்கொண்டால் குளோரின் வாடை நம் சட்டையிலும் ஒட்டிக்கொள்ளும். நாக்கு நீளம். படப்பிடிப்புக்கு எப்போதாவது அப்பாவை அழைத்துப்போக வருவாள். "ஓடெட், இன்னிக்கு என்னை எப்படிக் கொன்னீங்க?" என்று என்னிடம் கேட்பாள்.

சிறு வயதில் அவளுக்கு அந்தச் செத்துப்போன மகள்கள்மேல் பொறாமை. தொலைக்காட்சிக்கு முன்னால் நின்று, "அவளுக்கு மட்டும் அழறே. எனக்கு அம்மை போட்டப்போ நீ அழவே இல்ல" என்று அடம்பிடித்தாளாம். "நீ உசுரோட இருக்கியேடி" என்றாராம் இவர். "செத்தாத்தான் அழுவியா?" என்று கேட்டுவிட்டு அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டாளாம். இதை அவர் எல்லா விருந்துகளிலும் சொல்லிச் சிரிக்க வைப்பார். ஆலீனும் சிரிப்பாள்.

இரண்டு குளிர்காலங்களுக்கு முன்னால், மழை பெய்த ஒரு பிப்ரவரிக் காலையில், ஆலீன் கால்வாய் ஓரமாக சைக்கிளில் வேலைக்குப் போய்க்கொண்டிருந்தாள். வலது பக்கம் திரும்பிய லாரியின் ஓட்டுநர் அவளைப் பார்க்கவில்லை.

சேன் ஜில் வீட்டில் அழைப்பு மணி அடித்தது. கிஸ்லேன் கதவைத் திறந்தார். வெளியே ஒரு பெண் போலீஸ். பக்கத்தில் மீசை சரியாக முளைக்காத ஓர் இளம் போலீஸ்காரன்.

அதற்குப் பிறகு நடந்ததை அவர் என்னிடம் ஒரே ஒரு தடவைதான் சொன்னார். சொன்ன மாதிரியே இங்கே தருகிறேன்.

"அந்தப் பையன் என் முகத்தைப் பாத்து லேசா சிரிச்சான் ஓடெட். தெரிஞ்ச முகமாச்சே. சிரிச்சது அவனுக்கே தெரியாது, பாவம். அந்த அம்மா பேச ஆரம்பிச்சா. நல்லாத்தான் சொன்னா. நம்ம ஆளுங்க யாரும் அவ்வளவு நல்லா சொன்னதில்ல. எனக்கு எல்லாம் கேட்டுது. அப்போ என் கை பின்னால போச்சு. நாற்காலியைத் தேடிச்சு. நான் அனுப்பல. அதுவா போச்சு. உக்காந்தேன். வாய் திறந்துது. 'வலியில்லாம போனாளா?'ன்னு என் வாய் கேக்குது. என் குரல்தான். அந்தக் குரல் எனக்கு நல்லாத் தெரியும், எங்க நிறுத்தணும், எங்க உடையணும்னு எல்லாம் தெரிஞ்ச குரல். சமையக்கட்டுலேர்ந்து ஜோஸியான் வந்தா. கையெல்லாம் ஈரம். என்னைப் பாத்தா. போலீஸைப் பாக்கல, என்னைத்தான் பாத்தா. 'நடிக்காதே கிஸ்லேன்'ன்னா. 'இப்பவாவது நடிக்காதே.'"

"நீங்க நடிக்கலையே" என்றேன்.

"உனக்கு எப்படித் தெரியும்? எனக்கே தெரியல."

தகனம் நடந்த அன்று எங்கள் தொழிலில் இருக்கிற பாதிப் பேர் வந்திருந்தார்கள். நீச்சல் குளத்துக் குழந்தைகள் தாய்மார்களோடு வந்து சுவரோரமாக நின்றார்கள். கிஸ்லேன் இரண்டு கைகளையும் மேலங்கிப் பைகளில் திணித்துக்கொண்டு நின்றார். எங்கே அவை வெளியே வந்து எதையாவது தேடிவிடுமோ என்று பயந்தவர்போல, கடைசிவரை எடுக்கவில்லை. முகத்தை மரம்போல வைத்திருந்தார். கண் கலங்கவில்லை, பெட்டி உள்ளே போனபோதும் புருவம்கூட அசையவில்லை. என் பின்வரிசையில் ஒரு நடிகர் பக்கத்திலிருந்தவரிடம் குனிந்து, "எப்படி அடக்கி வாசிக்கிறான் பாரு. பெரிய ஆளுப்பா" என்று முணுமுணுத்தார். அவர் கேலியாகச் சொல்லவில்லை. மனப்பூர்வமான பாராட்டு அது. ஜோஸியான் காதிலும் விழுந்தது. அவர் திரும்பிப் பார்க்கவில்லை. ஆனால் கணவரிடமிருந்து ஓர் எட்டு விலகி நின்றுகொண்டார்.

அந்த ஓர் எட்டு விலகல் வீட்டுக்கும் வந்தது. ஜோஸியான் சண்டை போடவில்லை, பிறந்த ஊருக்கும் போய்விடவில்லை. சமைத்தார், துணி மடித்தார், ஆலீனின் பூனையை எடுத்து வந்து வளர்த்தார். கணவரின் முகத்தை மட்டும் பார்ப்பதில்லை. "ஜன்னலை மூடு", "உப்பு எடு" என்பதெல்லாம் முதுகு சொல்லும். ஒரு நாள் கிஸ்லேனைப் பார்க்கப் போனேன். மோவாயில் இரண்டு இடங்களில் வெட்டுக்காயம் இருந்தது.

"என்ன இது?"

"கண்ணாடி பாக்காம சவரம் பண்றேன்."

"ஏன்?"

"அவ இந்த மூஞ்சியை நம்பறதில்ல. அவளைச் சொல்லிக் குத்தமில்ல. நானும்தான் நம்பறதில்ல. தடவிப் பாத்தே செரைச்சுக்கறேன். பழகிடும்."

அவர் அழவே இல்லை என்று எனக்குத் தெரியும். முடியாமல் இல்லை. அழுகை வரும்போது அது எப்படி வரும் என்று அவருக்கு முன்கூட்டியே தெரிந்துவிடுகிறது. முதலில் கீழுதடு, பிறகு மூக்கு, பிறகு தோள். வருவதைக் கண்டதும் அவர் எழுந்து போய்ப் பாத்திரம் கழுவ ஆரம்பித்துவிடுவார். "மத்த பொண்ணுங்களுக்கு எல்லாத்தையும் செலவழிச்சிட்டேன்மா. முன்னப்பின்ன தெரியாத பொண்ணுங்க. என் பொண்ணுக்குன்னு ஒண்ணு மிச்சம் வெக்கல" என்றார்.

டிராமில் இப்போதும் அவரை அடையாளம் கண்டுகொள்கிறார்கள். யாரும் துக்கம் விசாரிப்பதில்லை. அது பத்திரிகையில் வரவில்லை.

இலையுதிர்காலத்தில் அவருடைய ஏஜெண்ட் ரெஜீன் தொலைபேசியில் கூப்பிட்டாள். நானும் அப்போது அங்கே இருந்தேன். ஒலிபெருக்கியில் போட்டிருந்ததால் அவள் குரல் எனக்கும் கேட்டது.

"ஒரு வேஷம் வந்தது கிஸ்லேன். நீங்க பண்ண மாட்டீங்கன்னு சொல்லிட்டேன். சும்மா தெரியப்படுத்தறேன்."

"என்ன வேஷம்?"

அவள் தயங்கினாள். "அப்பா."

"கதவைத் திறக்கறவரா?"

"ஆமா. அவங்களுக்கு விஷயம் தெரியாம கேட்டுட்டாங்க. ரொம்ப வருத்தப்பட்டாங்க."

"பண்றேன்னு சொல்லு."

ரெஜீன் ஏதேதோ சொன்னாள். அவர் தொலைபேசியை வைத்துவிட்டார். "உங்களுக்குப் பைத்தியமா?" என்று நான் கேட்டேன்.

"அந்தக் கதவை இன்னொரு தடவை திறக்கணும் ஓடெட். அன்னிக்கு அவ நிஜமா செத்தப்போ நான் பொய்யா ஏதோ பண்ணிட்டேன். இந்தத் தடவை சரியாப் பண்ணணும்."

"சரியான்னா எப்படி?"

"ஒண்ணுமே பண்ணாம."

பிரஸல்ஸுக்கு வெளியே, மரங்கள் சூழ்ந்த ஒரு வீட்டில் படப்பிடிப்பு. இயக்குநர் அனூக் இளையவள், நல்லவள். அவர் வந்ததும் தனியாக அழைத்துப்போய், காட்சியையே நீக்கிவிடலாம், போலீஸ்காரர்கள் காரில் பேசிக்கொள்வதுபோல மாற்றிக்கொள்ளலாம் என்றாள். அவர் அவள் தோளைத் தட்டி, "வேலையைப் பாரும்மா" என்றார். என் நாற்காலியில் வந்து உட்கார்ந்தார். செருப்பை மாட்டிக்கொண்டார். கேள்வி எதுவும் கேட்கவில்லை. மோவாயில் புதுக் காயம் ஒன்று இருந்தது, அதை மூடினேன்.

மணி அடித்தது. கிஸ்லேன் கதவைத் திறந்தார். போலீஸ்காரராக நடித்த பையன் வசனத்தைச் சொன்னான். கிஸ்லேன் கேட்டார். நாற்காலி பின்னால்தான் இருந்தது. கை கதவின் பிடியிலேயே இருந்தது. முகத்தில் ஒன்றும் இல்லை. போலீஸ்காரரின் நனைந்த பூட்ஸைப் பார்த்தார். மிதியடியின் ஓரம் மடிந்திருந்ததைக் காலால் நீவிவிட்டார். "உள்ளே வாங்க, மழை பெய்யுது" என்றார். அவ்வளவுதான். "கட்" என்ற குரல் வரக் கொஞ்சம் நேரமானது.

அற்புதம் என்று நினைத்துத்தான் சுற்றிலும் பார்த்தேன். ஒலிப்பதிவுக்காரர் மூக்கைச் சொறிந்துகொண்டிருந்தார். அனூக் எடுத்ததைத் திரையில் மறுபடி ஓடவிட்டுப் பார்த்தாள், உதட்டைக் கடித்துக்கொண்டாள். அவரிடம் வந்து, மிகவும் தணிந்த குரலில், "எப்படிச் சொல்றதுன்னு தெரியல கிஸ்லேன். செய்தியைக் கேட்ட மாதிரியே தெரியலையே. ஒருவேளை இவருக்கு முன்னாலயே தெரியுமோ, இவர்தான் கொலைகாரரோன்னு பாக்கறவங்க நினைச்சிடுவாங்க" என்றாள்.

எனக்கு ஆத்திரம் வந்தது. அவர் கோபப்படவில்லை. தன் காட்சியைத் திரையில் பார்க்கும் வழக்கமே இல்லாதவர், அன்று அனூக்கின் நாற்காலிக்குப் பின்னால் நின்று குனிந்து பார்த்தார். முழுவதும் பார்த்தார். மறுபடி ஒரு தடவை ஓட்டச் சொன்னார். நானும் பார்த்தேன். சொல்லக் கஷ்டமாகத்தான் இருக்கிறது: அவள் சொன்னது சரி. கதவருகில் நேரில் நான் கண்டது திரையில் இல்லை. அங்கே ஒரு கிழவர் மிதியடியைச் சரி செய்துகொண்டிருந்தார்.

"சரிதான்மா" என்றார் கிஸ்லேன். "இந்த ஆளு ஒண்ணையும் பறிகொடுக்கல."

திரும்பிப் போய்க் கதவுக்குப் பின்னால் நின்றார். மணி அடித்தது. பையன் சொன்னான். கை பின்னால் போனது, தேடியது, நாற்காலி அகப்பட்டது. மெல்ல உட்கார்ந்தார். கீழுதடு, மூக்கு, தோள். "வலியில்லாம போனாளா?" உடைய வேண்டிய இடத்தில் குரல் உடைந்தது. ஒலிப்பதிவுக்காரர் முகத்தைத் திருப்பிக்கொண்டார். போலீஸ்காரப் பையன் வசனத்தை மறந்து அழுதான். அனூக் ஓடிவந்து அவரைக் கட்டிக்கொண்டாள். யாரோ கை தட்ட ஆரம்பித்து, தட்டலாமா கூடாதா என்று தெரியாமல் நிறுத்தினார்கள்.

அவர் என் நாற்காலிக்கு வந்தார். கன்னமெல்லாம் ஈரம். நிஜமான கண்ணீர்தான்; நான் ஒரு சொட்டும் வைக்கவில்லை.

"துடைச்சு விடு."

"இப்ப அழுதீங்களே. அது ஆலீனுக்குத்தானே?" என்று கேட்டேன். கேட்டிருக்கக் கூடாது.

"அந்தப் பொண்ணு பேரு வசனத்துல கரோல்" என்றார். "துடைச்சு விடும்மா."

போன மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை அது ஒளிபரப்பானது. "நீயும் வா. எங்க ரெண்டு பேரால தனியா உக்காந்து பாக்க முடியாது" என்று கூப்பிட்டார். அவர்தான் சமைத்திருந்தார், லியேஜ் பக்கத்து இறைச்சி உருண்டை, இனிப்பும் புளிப்புமான குழம்பு, வறுத்த உருளைக்கிழங்கு. ஜோஸியான் பார்க்க மாட்டார் என்று நினைத்தேன். ஆனால் தட்டை எடுத்துக்கொண்டு சோபாவின் மறுகோடியில் வந்து உட்கார்ந்தார். நடுவில் பூனை. நான் பக்கத்து நாற்காலியில்.

பிணம் கிடைத்தது. போலீஸ்காரர்கள் மரங்களுக்கு நடுவே நடந்து வந்தார்கள். மணி அடித்ததும் ஜோஸியான் கையிலிருந்த முள்கரண்டியைத் தட்டில் வைத்தார். கிஸ்லேன் குழம்பையே பார்த்துக்கொண்டிருந்தார். திரையில் கை பின்னால் போய் நாற்காலியைத் தேடியது.

"எழுந்து வேற ஏதாச்சும் போடட்டுமா?" என்று நான் கேட்டேன்.

"வலியில்லாம போனாளா?" என்று திரையிலிருந்தவர் கேட்டார். கேமரா அவர் முகத்துக்கு அருகே போனது. அந்தப் பெரிய முகம் திரை முழுக்க நிறைந்தது. ஜோஸியான் எழுந்தார். தொலைக்காட்சியை அணைக்கப் போகிறார் என்று நினைத்தேன். அருகே போய், மண்டியிட்டு, திரைக் கண்ணாடியில் தெரிந்த கன்னத்தின்மேல் உள்ளங்கையை வைத்தார். கண்ணுக்குக் கீழே, ஈரம் இருந்த இடத்தில், கட்டைவிரல் மெல்ல மெல்லத் தடவிக்கொடுத்தது.

சோபாவில் கிஸ்லேன் மடியில் தட்டோடு உட்கார்ந்திருந்தார்.

காட்சி மாறியது. திரையில் மழையில் ஒரு கார் போய்க்கொண்டிருந்தது. ஜோஸியான் கையை எடுக்கவில்லை.